பட்டப்பகல்ல நடந்ததுக்கு டார்ச் லைட்டு எதுக்குடா?

வா பேராண்டி, இப்படி ஒக்காரு. நேத்து ராத்திரி ‘இருண்ட சென்னை’ன்னு பேரு வச்சு இருவது பேரைத் தெருத்தெருவாக் கூட்டிப் போனியே, நல்லாத்தான் இருந்துச்சு. மொதல்ல அதைச் சொல்லிப்புடுறேன், அப்புறம் மறந்தாலும் மறந்துருவேன். கறுப்புச் சட்டை, கையில டார்ச்சு, அடித்தொண்டையில பேச்சு. தலைக்கு ஐந்நூறு ரூவா வாங்குனவன் கொஞ்சமாச்சும் பயமுறுத்தணும்ல? காசு குடுத்தவுகளுக்கு ‘பிரமாதம்’னு சொல்லவேண்டிய கட்டாயம் இருக்கு, போட்ட காசு வீண்னு யாரு ஒத்துக்குவாக? ஓசியில வந்த எனக்கு அந்தத் தொல்லை இல்லை. அதனால நாலு வார்த்தை சொல்றேன், காதுல போட்டுக்க.

நான் யாருன்னு ஒனக்குத் தெரியும். மானாமதுரைப் பக்கத்துக் கணக்குப்பிள்ளை. 1980-ல எம்.ஜி.ஆர். அந்த வேலையை ஒழிக்கிற வரைக்கும் அடங்கலும் சிட்டாவும்னு நிலக்கணக்கு எழுதுன கை இது. அருவா எடுக்காம, சத்தம் போடாம, ஒத்தைக் கோட்டுல ஒரு குடும்பத்தை என்ன பண்ணலாம்னு இந்தக் கைக்குத் தெரியும். பண்ணுனேன்னு சொல்லலை. தெரியும்னு சொல்றேன்.

சரி, சங்கதிக்கு வா. சைனா பஜார்ல நிறுத்தி பேனாக்கடை ஆளவந்தார் கதையைச் சொன்னியே, அரை மணி நேரம்! 1952-ல நடந்த கொலை. தலை வேற, ஒடம்பு வேறன்னு ஆக்கி, ஒடம்பை டிரங்குப் பொட்டியில அடைச்சுப் போட் மெயில் ரயில்ல ஏத்தி விட்டாக. தலை ராயபுரம் கடற்கரையில ஒதுங்குச்சு. பொட்டி நாத்தமெடுத்து மானாமதுரை ஸ்டேஷன்ல எறங்குச்சு. நீ சொல்லச் சொல்ல அந்த ஐ.டி. கம்பெனிப் பொண்ணு தண்ணி பாட்டிலைக் கட்டிப்புடிச்சுக்கிட்டு நின்னுச்சு. எல்லாம் சரிதான். ஆனா ‘மானாமதுரை’ன்னு சொல்றப்ப மட்டும் டார்ச்சை மோவாய்க்கட்டைக்குக் கீழ வச்சுக் கண்ணை உருட்டுனியே, அது எதுக்குடா? எங்க ஊருன்னா கடம். கச்சேரிக்காரவுகளைக் கேளு, சொல்லுவாக. சென்னையில வெட்டி, சென்னையில அடைச்சு, சென்னையில ரயிலேத்துன சரக்குக்கு எங்க ஸ்டேஷன் எதுக்கு இருட்டணும்? ராவெல்லாம் ஓடுன ரயில்ல, மூக்கு ஒழுங்கா வேலை செஞ்சது எங்க ஊர்லதான்னு பெருமையாச் சொல்லு.

அடுத்தது லட்சுமிகாந்தன் கொலை. பிராட்வே பக்கத்துல தெருவிளக்கு எரியாத மூலையாத் தேடிப்புடிச்சு நிறுத்துன. அந்த மூலையை முன்கூட்டியே பாத்து வச்சிருந்தியோ? 1944 நவம்பர் 8-ல வேப்பேரியில, கைரிக்சாவுல போனவரைக் குத்துனாக. ராத்திரியா அது? காலையில, வெயில் அடிக்கையில! மறுநாள் ஆஸ்பத்திரியில செத்தாரு. அந்தக் கேசுல சினிமாக்காரவுக தியாகராஜ பாகவதரும் என்.எஸ். கிருஷ்ணனும் செயிலுக்குப் போனாக. லண்டன் பிரிவி கவுன்சில் வரைக்கும் போயி, 1947-ல விடுதலையாகி வந்தாக. பாகவதர் செயில்ல இருக்கையிலயே அவரு நடிச்ச ஹரிதாஸ் படம் அதே பிராட்வே தியேட்டர்ல தீவாளிக்குத் தீவாளி ஓடிக்கிட்டு இருந்துச்சு. செத்தவரு கத்தி எடுத்தவரு இல்லை, பத்திரிகை எடுத்தவரு. எழுதிப்புடுவேன்னு மெரட்டியே பொழச்சாருன்னு பேச்சு. அவரு ஆயுதமும் பேனாதான். இதை மனசுல வச்சுக்க, பேனா இன்னும் வரும்.

ரெண்டு கொலைக்கு ஒரு மணி நேரம். டிமாண்டி காலனிப் பேய்க்கு இன்னொரு கால் மணி நேரம். அந்த ஆழ்வார்பேட்டை எங்கிட்டு, நாம நின்ன எடம் எங்கிட்டு? அங்க போகாமலே பேயை இங்கிட்டு வரவழைச்சுட்ட, கெட்டிக்காரன். இதெல்லாம் முடிஞ்சு ஐகோர்ட்டு மதில் பக்கம் வந்தப்பதான் உள்ள இருக்கிற எலிஹூ யேல் மகன் கல்லறையைக் கையைக் காட்டுன. வண்டி நிறுத்த எடமில்லைன்னு அந்தக் கல்லறையையே நகர்த்தச் சொல்லி 2023-ல வழக்கு நடந்த எடம். அங்க என்ன சொன்ன? யேல் தன்னோட குதிரைக்காரனைத் தூக்குல போட்டாருன்னு ஒரு கதை. அதுக்கு ஆதாரம் பத்தாதுடா அப்பு. ஆதாரம் கெட்டியா இருக்கிற கதையை விட்டுட்டியே!

யேல் 1687-ல இங்கிலீஷ் கம்பெனிக் கோட்டைக்குத் தலைவரா வந்தாரு. அப்ப இங்கிட்டெல்லாம் பஞ்சம், மனுசன் விலை மலிஞ்சு கெடந்துச்சு. சீமைக்குப் போற ஒவ்வொரு கப்பல்லயும் கொறஞ்சது பத்து அடிமையை ஏத்தணும்னு கவுன்சில் கூடி முடிவெடுத்தாக. அந்த வருசத்துல ஒரே ஒரு மாசத்துல கோட்டையில இருந்து கப்பலேறுனது கொறஞ்சது 665 பேரு. மறுவருசமே மொகலாயர் தரப்பு நெருக்கவும், இனிமே இந்த யாவாரம் கூடாதுன்னு தடை எழுதுனாக. ஏத்தச் சொன்னதும் எழுத்து, நிறுத்தச் சொன்னதும் எழுத்து. ராத்திரியில முகமூடி போட்டு யாரும் செய்யலை. வெளிச்சம் வர்ற சன்னலோரமா மேசை போட்டு, நாலு பேரு ஒக்காந்து, கையெழுத்துப் போட்டுச் செஞ்சது. 665-ன்னு எழுதுனவனும் என்னை மாதிரி ஒரு கணக்குப்பிள்ளையாத்தான் இருந்திருப்பான். கூட்டி, கோடு போட்டு, மை காஞ்சதும் மத்தியானச் சாப்பாட்டுக்கு எந்திரிச்சுப் போயிருப்பான்.

நீ அங்க என்ன செஞ்ச? 1718-ல அவரு அமெரிக்கக் காலேஜுக்கு 417 புத்தகம், ஒம்பது பேல் சரக்கு, ராசா படம்னு அனுப்பிச்சாரு, அதுல சரக்கை வித்து 562 பவுனு சேந்துச்சு, காலேஜுக்கு அவரு பேரையே வச்சாகன்னு சொல்லி, ‘நம்ம மெட்ராஸ் காசு’ன்னு கையை ஓங்குன. இருவது பேரும் தட்டுனாகளே! யாரு காசு, யாரை வித்த காசுன்னு ஒருத்தராச்சும் கேட்டாகளா? கேக்கமாட்டாக. நீ டார்ச்சை அணைச்சு வச்சிருந்தியே.

பாரிமுனையில அந்தக் குட்டித் தூணு. அது மேல ஒருத்தரு சாஞ்சு நின்னு போன் பேசுனாரு, நீயும் விட்டுட்ட. அது 1773-ல நட்ட எல்லைத் தூணு. கோட்டைக்கு ஒட்டினாப்புல நம்ம சனம் குடியிருந்த பழைய கறுப்பர் பட்டணம் இப்ப ஐகோர்ட்டு நிக்கிற எடத்துலதான் இருந்துச்சு. 1746-ல கோட்டையைப் புடிச்ச பிரெஞ்சுக்காரன் இடிக்க ஆரம்பிச்சான். திரும்பி வந்த இங்கிலீஷ்காரன் மிச்சத்தையும் இடிச்சான். பீரங்கி சுடுறதுக்கு எதுத்தாப்புல வெறும் தரையா இருக்கணுமாம். இந்தத் தூணைத் தாண்டி வீடு கட்டக்கூடாதுன்னு கல்லு நட்டாக. வால்டாக்ஸ் ரோட்டுல மட்டும் நல்லாச் சிரிக்க வச்ச. ஹைதர் அலிக்குப் பயந்து மதில் கட்டி, அந்தச் செலவுக்கு ஊர்க்காரவுககிட்ட வரி கேட்டு, அது வசூலாகாமலே போயி, ரோட்டுக்குப் பேரு மட்டும் நின்ன கதை. எங்க தாலுகாவுலயும் வசூலாகாத பாக்கி எம்புட்டோ உண்டு. ஒண்ணுக்கும் ரோடு வைக்கலை.

இப்பத்தான் கோவம் வர்ற எடம். செண்ட்ரல்கிட்ட பக்கிங்காம் கால்வாயைத் தாண்டையில எல்லாரும் மூக்கைப் பொத்துனாக. நீயும் பொத்திக்கிட்டு, ‘சீக்கிரம் வாங்க, அடுத்தது பேய்’ன்னு இழுத்துட்டுப் போன. அந்தக் கால்வாயோட தெக்குத் துண்டு, கூவத்துக்கும் அடையாத்துக்கும் நடுவுல இருக்கிற எட்டு கிலோமீட்டர், யாரு வெட்டுனாகன்னு தெரியுமா? தாது வருசப் பஞ்சத்துல கஞ்சிக்கு வந்த சனம், 1877-லயும் 78-லயும். அந்தப் பஞ்சத்துல செத்தது அம்பது லட்சத்துக்கு மேல. ரிச்சர்டு டெம்பிள்னு ஒரு துரை வந்து, மண்ணு வெட்டுற ஆம்பளைக்கு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் ஒரு அணாவும் போதும்னு நிர்ணயம் பண்ணுனாரு. ஒரு பவுண்டுன்னா அரைக் கிலோவுக்கும் கொறச்சல். அதைத் தின்னுட்டு மண்ணு வெட்ட முடியாதுன்னு சுகாதார அதிகாரி கார்னிஷ் மல்லுக்கு நின்னாரு. சர்க்கார் டாக்டரே சொல்லியும் ஏடு லேசுல கேக்கலை, கேட்டப்பவும் அவரு கேட்டதுல பாதிதான் எறங்குச்சு. வெட்டுன சனம் பேரு எங்கயும் இல்லை, கவர்னர் பக்கிங்காம் பிரபு பேரு கால்வாய்க்கு நின்னுருச்சு. இப்ப அதுக்கு மேல தூணு நட்டுப் பறக்கும் ரயில் ஓடுது. அதுல குளுகுளுன்னு காத்து வாங்கிட்டுத்தான் ஒன் கூட்டத்துல பாதிப்பேரு வந்து எறங்குனாக.

அந்தப் பஞ்சத்துல ஹூப்பர்னு ஒரு பட்டாளத்து ஆபீசரு, எலும்பும் தோலுமா இருந்தவுகளை வரிசையா ஒக்காரவச்சுப் போட்டோ புடிச்சாரு. பாத்தவுக அப்பவே அவரைக் காறித் துப்புனாக. நேத்து கொலை நடந்த கதையைச் சொல்லி முடிச்சதும் நீ எல்லாரையும் நிறுத்தி, ‘ஒரு செல்பி எடுத்துக்கலாமா’ன்னு கேட்டியே, அப்ப எனக்கு ஹூப்பர் துரை ஞாபகம் வந்துச்சு. அவரு பாவம், அந்தப் படத்துக்குள்ள தானும் சிரிச்சுக்கிட்டு நிக்கலை.

தொறைமுகத்துப் பக்கம் போகவேயில்லை. கேட்டா ‘உள்ள விடமாட்டாங்க தாத்தா’ங்கிற. வெளிய நின்னு சொல்ல வாயில்லையா? 1860 அக்டோபர்ல ட்ரூரோன்னு ஒரு கப்பல் 342 பேரோட இங்கேருந்து கெளம்பி, நவம்பர் 16-ல தென்னாப்பிரிக்காவுல டர்பன் போய்ச் சேந்துச்சு. கரும்புத் தோட்டத்துக்கு ஒப்பந்தக் கூலி. ஆளுக்கு ஒரு நம்பர். பேரு, தகப்பன் பேரு, வயசு, சாதி, ஊரு, ஒடம்புல இருக்கிற தழும்புன்னு பட்டியல் போட்டு எழுதி வச்சாக. நான் எழுதுன அடங்கல்ல வயலுக்கு எப்படிச் சர்வே நம்பரோ, அப்படி. அந்த நம்பரைப் புடிச்சுத்தான் அங்க இருக்கிற அவுக பேரப்பிள்ளைக இன்னைக்கு மூதாதை ஊரைத் தேடுதுக. ஐந்நூறு ரூவா குடுத்துக் கேக்கவேண்டிய கதை இது.

இப்ப ஒன்னோட டிரங்குப் பொட்டிக்கு வருவோம். 1914-ல தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் கப்பல் விட்ட பெறகு, எங்க சீமைச் சனம் இந்த ரயில் பாதையிலதான் இலங்கைத் தேயிலைத் தோட்டத்துக்குப் போச்சு. மானாமதுரையைத் தாண்டித்தான் போகணும். மண்டபம் கேம்ப்ல நிறுத்தி, நோய் நொடி இருக்கான்னு பாத்து, கப்பலேத்துனாக. லட்சக்கணக்கான சனம், ஆளுக்கொரு தகரப்பொட்டி. அதே தண்டவாளத்துல செத்த ஆளு இருந்த ஒரு பொட்டி போச்சு, எழுவது வருசத்துக்கு மேலயும் டார்ச்சடிச்சுப் பாக்குறீக. உசுரோட இருந்த சனம் தூக்கிட்டுப் போன பொட்டியை யாரு திறந்து பாத்தீக?

கொலையைச் சொல்லாதன்னு சொல்லலை. அது இல்லாட்டி கூட்டம் வராது, ஒனக்குச் சோறு எறங்காது. ஆனா ஒத்தை மனுசனைக் கொன்னவன் இருட்டைத் தேடுவான், இல்லாட்டி ஓடியாச்சும் ஒளிவான். ஊரையே கொன்னவன் ஒளியவேயில்லை. பத்து மணிக்கு ஆபீசு வந்து, பேனாவைத் தொட்டு எழுதி, அஞ்சு மணிக்கு வீட்டுக்குப் போனான். நீ டார்ச்சோட இருட்டுல தேடிக்கிட்டே இருந்தா அவன் அம்புடவே மாட்டான்.

இன்னொண்ணு. தங்கசாலைத் தெருவுல ஒரு பழைய வீட்டு மாடியில டார்ச்சடிச்சு, ‘யாரோ நிக்கிற மாதிரி தெரியுதா?’ன்னு குசுகுசுத்தியே. நின்னது பேயில்லை, துணி காயப்போட வந்த பொம்பளை. அந்தத் தெருவுல குடியிருக்கிறவுக ஒனக்கு நாடகத்துத் திரை இல்லை. அந்தம்மா ஒரு சொம்புத் தண்ணியை ஒன் தலையில ஊத்தியிருந்தா, நான் கை தட்டியிருப்பேன்.

அதனால புத்தி என்னன்னா, ‘இருண்ட’ங்கிறதை எடுத்துப்புடு. ‘பட்டப்பகல் நடை’ன்னு போடு. சித்திரை மாசம், உச்சிவெயில், பன்னெண்டு மணிக்குக் கால்வாய்க் கரையில நடக்க வை. ஒரு பவுண்டு தானியத்தை நெறுத்து ஆளுக்கு ஒரு பொட்டலமாக் கையில குடு, இதுதான் ஒரு நாளைக்குன்னு சொல்லு. நீ அடித்தொண்டையில பேசவே வேணாம், அவுகளா அமைதியாயிருவாக. இருவது பேரு எட்டுப் பேராக் கொறையும். கொறையட்டும், நட்டத்துக்கும் வழி இருக்கு. பாரிமுனையில இருவது குடையை மொத்த விலைக்கு வாங்கி வாடகைக்கு விடு. குடைக் கணக்கை நான் எழுதித் தாரேன். பயப்படாத, கணக்குப்பிள்ளை எழுதுனா எல்லாம் ரொம்பச் சரியா இருக்கும், ஏட்டுல.