ஊரைக் காலி செய்ய ஒரு மழை

கேள்வி: துருக்கி போய் வந்த என் மைத்துனர் எஃபெசஸ் இடிபாடுகளைப் பற்றியே ஓயாமல் பேசுகிறார். அப்படி என்னதான் இருக்கிறது அங்கே?

பதில்: பேசட்டும், விஷயம் இருக்கிறது. அலெக்சாண்டரின் தளபதி லிசிமாக்கஸ் அங்கே புது நகரம் கட்டினார். பழைய ஊர்க்காரர்கள் நகர மறுத்தார்கள். மனிதர் கெஞ்சவில்லை, படை அனுப்பவில்லை. பெருமழைக்காகக் காத்திருந்து, சாக்கடைகளை அடைத்துவிட்டாராம்! வீட்டுக்குள் வெள்ளம் வந்ததும் மக்கள் தாங்களாகவே குடிபெயர்ந்தார்கள் என்கிறார் பண்டைய கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோ. (நம் ஊர்களில் காத்திருக்க வேண்டியதில்லை, சாக்கடை தானாகவே அடைத்துக்கொள்கிறது.)

ஏழு அதிசயங்களில் ஒன்றான ஆர்ட்டெமிஸ் கோயிலும் அங்கேதான் இருந்தது. கி.மு. 356இல் ஒருவன் புகழ் ஆசையில் அதற்குத் தீ வைத்தான். அவன் பெயரை யாரும் உச்சரிக்கவே கூடாது என்று தடை போட்டார்கள். பெயர் ஹெரோஸ்ட்ராட்டஸ். தடை அமலான லட்சணம் இதுதான்! கோயிலை மறுபடி கட்டினார்கள். அதுவும் போய், இப்போது நிற்பது ஒற்றைத் தூண்.

ரோமானியர் காலத்து செல்சஸ் நூலகம், மகன் தந்தைக்கு எழுப்பிய நினைவகம். தந்தையின் கல்லறை அதற்கு அடியிலேயே இருக்கிறது. நூலகத்தில் அமைதி காக்க இதைவிட நல்ல ஏற்பாடு உண்டா?

நகரத்தைக் கடைசியில் வீழ்த்தியதில் பெரும்பங்கு வண்டலுக்கு. ஆறு கொண்டுவந்த மண் துறைமுகத்தைத் தூர்த்தது. கடல் சில கிலோமீட்டர் விலகிப் போய்விட்டது. வணிகமும் கூடவே போனது.

நீங்கள் போவதானால் காலையிலேயே போய்விடுங்கள். பளிங்குத் தெருவில் வெயில் ஏறினால் நிழல் கிடைக்காது.