ஏவுகணையைத் தேடிப் போன ஏஜென்ட்

கே: எத்தனையோ சி.ஐ.டி. படங்கள் இருக்க, 1986-இல் வந்த ‘விக்ரம்’ மேல் மட்டும் ஏன் இவ்வளவு பாசம்?

ப: முன்னால் வந்தவர்களும் சளைத்தவர்கள் இல்லை. ஜெய்சங்கர் ‘வல்லவன் ஒருவன்’, ‘சி.ஐ.டி. சங்கர்’ என்று கலக்கினார். எம்.ஜி.ஆரே ‘ரகசிய போலீஸ் 115’ ஆனார். ஆனால் ‘விக்ரம்’ கதையை எழுதியவர் சுஜாதா; பாரத் எலெக்ட்ரானிக்ஸில் வேலை பார்த்த பொறியாளர். அதனால்தான் களவு போவது வைரமோ பணப்பெட்டியோ இல்லை, ‘அக்னிபுத்ரா’ என்ற ஏவுகணை! அதை மீட்கக் கிளம்பும் கமலுடன் கம்ப்யூட்டர் தெரிந்த பெண்ணாக லிஸி. கம்ப்யூட்டரை நேரில் பார்த்தவர்களே அபூர்வமான காலம் அது. நம் நாட்டின் நிஜ ‘அக்னி’ முதன்முதலில் சீறியது 1989 மே மாதத்தில். கோடம்பாக்கம் மூன்று வருஷம் முந்திக்கொண்டது. அறிவியலையும் தரை டிக்கெட்டுக்குக் கொண்டுபோகலாம் என்ற அந்தத் துணிச்சலுக்குத்தான் என் கைத்தட்டல்.

கே: கமலா, சத்யராஜா?

ப: முந்தின வருஷம் இதே இயக்குநர் ராஜசேகரின் ‘காக்கிச் சட்டை’யில் ‘தகடு தகடு’ என்றே தியேட்டரைத் தன் பக்கம் இழுத்தவர் சத்யராஜ். இதில் சுகிர்தராஜா. எதிரி இவ்வளவு தெனாவட்டாக இருந்தால்தான் ஹீரோவுக்கு வேலை. என் ஓட்டு சுகிர்தராஜாவுக்கே.

கே: சலாமியா என்றொரு நாடு, எலிக்கு ஒரு கோயில். காதில் பூ இல்லையா?

ப: நாடு கற்பனை. எலிக்கோயில் ராஜஸ்தானில் நிஜமாகவே இருக்கிறது. தேஷ்நோக் போனால் பார்க்கலாம். அந்த நாட்டுக்கென்று ஒரு பாஷையையே உண்டாக்கி, ‘ஷோலே’ அம்ஜத்கானை ராஜாவாக்கி, ஜனகராஜை மொழிபெயர்ப்பாளராக நிறுத்திய குறும்பு எனக்குப் பிடிக்கும். ஆனால் சலாமியா போனதும் கதையின் வேகம் குறைகிறது என்பது உண்மை. முதல் பாதியின் பரபரப்பு அங்கே இல்லை.

கே: ‘குமுதம்’ தொடர்கதையா, படமா?

ப: தொடர்கதை. சுஜாதாவின் வேகத்துக்குக் கேமரா மூச்சு வாங்குகிறது.

கே: 2022 ‘விக்ரம்’ பார்த்துவிட்டேன். பழசையும் பார்க்க வேண்டுமா?

ப: கட்டாயம். லோகேஷ் கனகராஜ் 36 வருஷம் கழித்தும் அதே பெயரில் அந்த ஏஜென்ட்டைத் திரும்பக் கூப்பிட்டார் என்றால், முதல் ஆள் எப்படி இருந்தார் என்று தெரிய வேண்டாமா? இளையராஜா இசையில் கமலே பாடிய டைட்டில் பாட்டு ஒன்று போதும். ஹெட்போன் மாட்டிக்கொண்டு கேளுங்கள்.