துப்பாக்கிச் சம்சாரி

ஹாலிவுட்டில் ஜேம்ஸ் கேக்னி என்றால் ரவுடி. லேசுப்பட்ட ரவுடியும் இல்லை. 1931-இல் வந்த 'தி பப்ளிக் எனிமி' படத்தில், காலைப் பலகாரத்துக்கு உட்கார்ந்த இடத்தில், பாதி கிரேப்ஃப்ரூட்டை எடுத்து எதிரே இருந்த நடிகை மே கிளார்க்கின் முகத்தில் வைத்துத் தேய்த்த மகானுபாவர். (கிரேப்ஃப்ரூட் வேறொன்றுமில்லை, நம்ம பம்பளிமாஸின் வாரிசு.) அதற்கப்புறம் பல வருஷம், எந்த ஹோட்டலில் சாப்பிடப் போனாலும் அவர் மேஜைக்கு யாராவது ஒரு பழத்தை அனுப்பி வைத்து இளித்தார்களாம்.

படத்தில் துப்பாக்கியும் கையுமாக அலைந்த இந்த ஆள், நிஜத்தில் கவலைப்பட்டதெல்லாம் மண் அரிப்பைப் பற்றி!

பிறப்பால் பட்டணத்து ஆசாமி. 1899-இல் நியூயார்க்கில் பிறந்தார். அப்பா மதுக்கடையில் ஊற்றிக் கொடுப்பவர். பிள்ளை மேடையேறியது 1919-இல், பெண் வேஷம் கட்டி, கும்பலோடு கும்பலாக ஆடி. வருங்கால ரவுடிக்கு என்னவொரு தொடக்கம்! அப்படிப்பட்டவர் ஒருநாள் மண்வளப் பாதுகாப்பு பற்றிய சொற்பொழிவு ஒன்றைக் கேட்கப் போனார். நாமாக இருந்தால் டீயும் பிஸ்கட்டும் எப்போது வரும் என்று வாசலைப் பார்த்துக்கொண்டிருப்போம். இவரோ சம்சாரியாகும் பித்துப் பிடித்துத் திரும்பினார்.

நிலம் வாங்கக் காசு வேண்டுமே, அதற்கு வார்னர் பிரதர்ஸ் படக் கம்பெனி இருந்தது. வருஷத்துக்கு நாலு படம் என்று எழுதிவிட்டு ஐந்து எடுத்தார்கள். போதாக்குறைக்கு, பெயர்ப் பட்டியலில் இவருக்கு மேலே சக நடிகர் பாட் ஓ'பிரையன் பெயரைப் போட்டார்கள். கேக்னி கோர்ட்டுக்குப் போனார். 1936-இல் ஜெயித்தும் காட்டினார். வேலி தாண்டி வரப்பை வெட்டினால் எந்தச் சம்சாரிதான் சும்மா இருப்பான்?

அந்தச் சண்டைக் காலத்தில்தான் மார்த்தாஸ் வின்யார்ட் தீவில் சுமார் நூறு ஏக்கரோடு ஒரு பழைய வீட்டை வளைத்தார். வீடு ஓட்டை உடைசல். சுற்றிலும் தார் ரோடு கிடையாது, வெறும் மண் தடம். மனைவி பில்லி முதலில் முகத்தைச் சுளித்தார். கேக்னிக்கோ அந்த மண் தடம்தான் பிடித்துப்போனது. ஆனால் தடம் இருந்தால் ரசிகன் வருவானே! கூட்டம் தாங்கவில்லை. காவலுக்குத் துப்பாக்கிக்காரன் ஒருவனைப் போட்டிருப்பதாக ஒரு வதந்தியை அவரே கிளப்பிவிட்டார். தம்பிடி செலவில்லாத வேலி. அது பலித்த அழகைக் கேளுங்கள்: நண்பர் ஸ்பென்சர் ட்ரேசி பார்க்க வந்தபோது, டாக்ஸிக்காரர் பாதியிலேயே வண்டியை நிறுத்திவிட்டார். "அங்கே சுடுவாங்களாமே!" ஆஸ்கர் வாங்கிய நடிகர் மிச்ச தூரத்தை நடந்து கடந்தார்.

1955-இல் நியூயார்க் மாநிலத்து ஸ்டான்ஃபோர்ட்வில்லில் இன்னொரு பண்ணை, 120 ஏக்கர். மனைவி பிறந்த வீட்டுப் பெயர் வெர்னன். அதில் முன்பாதியும் கேக்னியில் பின்பாதியும் சேர்த்து 'வெர்னி பண்ணை' என்று பெயர் வைத்தார். கறவை மாடுகளில் கொஞ்சத்தை விற்று இறைச்சி மாடு வாங்கினார். மார்கன் குதிரை வளர்த்தார். கரையைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி 750 ஏக்கர் ஆக்கினார். சினிமாவில் சம்பாதித்து நிலத்தில் போடுவது நம் நட்சத்திரங்களுக்கும் தெரிந்த வித்தைதான். என்ன, இவர் அதை பிளாட் போடவில்லை.

ஃப்ளோரிடாவின் ராலின்ஸ் கல்லூரி கௌரவப் பட்டம் தருவதாகச் சொன்னது. கௌரவப் பட்டம் என்றால் அங்கியை மாட்டினோமா, போட்டோ எடுத்தோமா என்று வருவதுதானே உலக வழக்கம்? இவர் மண்வளப் பாதுகாப்பு பற்றி ஒரு கட்டுரையை எழுதி எடுத்துக்கொண்டு போய், பேராசிரியர்கள் கையில் கொடுத்தார். பாவம், அவர்கள் அதைப் படித்தாக வேண்டியதாயிற்று.

1961-இல் இயக்குநர் பில்லி வைல்டரின் 'ஒன், டூ, த்ரீ' முடிந்ததும் நடிப்புக்கு முழுக்குப் போட்டுவிட்டுப் பண்ணைக்குப் போய்விட்டார். இருபது வருஷம் கழித்து 1981-இல் 'ராக்டைம்' படத்தில் தலைகாட்டினார், அதுவும் டாக்டர் யோசனைப்படி.

படங்களில் இந்த மனிதரைச் சாகடிக்காத வகையில்லை. கட்டுப்போட்ட பிணமாக வீட்டு வாசலில் போட்டார்கள், மின்சார நாற்காலியில் உட்கார வைத்தார்கள், எரிவாயுத் தொட்டியோடு சேர்த்து வெடிக்க வைத்தார்கள். நிஜத்தில் 1986 மார்ச் 30, ஈஸ்டர் ஞாயிறு, 86 வயதில், தன் சொந்தப் பண்ணையில் மாரடைப்பால் போனார்.