உபரி நிலமும் ஓயாத வழக்கும்

கேள்வி: நகர்ப்புற நில உச்சவரம்புச் சட்டம் 1999-இலேயே ரத்தாகிவிட்டதே, உபரி நில மனுக்கள் இன்னும் ஏன் ஓயவில்லை?

பதில்: 1978-ஆம் வருஷத்துத் தமிழ்நாட்டுச் சட்டம் மாண்டது மெய்யே. ஆயினும், அதற்குள் சர்க்கார் சுவாதீனப்படுத்திய நிலம் சர்க்காருக்கே என்றும், அவ்வாறு செய்யாத நிலத்தின்மீதான நடவடிக்கை அற்றுப்போம் என்றும் ரத்துச் சட்டம் விதித்துவிட்டபடியால், நாற்காலியை விட்டு எழாமலே கோப்பில் நிலத்தைக் கைப்பற்றிய அதிகாரியும், அதே நிலத்தில் வீடு கட்டிப் பேரன் பேத்தி கண்டுவிட்ட சொந்தக்காரரும், தத்தம் பாத்தியதையை ஸ்தாபிக்க உயர் நீதிமன்றத்தில் சந்திக்கிறார்கள். காகிதத்தில் எடுத்தது போதாது, பிரத்தியட்சமாக எடுத்திருக்கவேண்டும் என்று, உத்தரப் பிரதேச வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் 2013-இல் தீர்ப்பளித்தது. சர்க்கார் வக்கீல்களுக்கு அது கசப்பு மருந்துதான். ஆனால் நியாயமான மருந்து.