பத்து நிமிடத் தேவாலயம்

கொழும்பிலிருந்து வரும் சுற்றுலா பஸ், நயினாதீவுக்கும் நல்லூருக்கும் நடுவே யாழ்ப்பாணக் கோட்டையில் சற்று மூச்சுவிடும். வழிகாட்டி கைகாட்டும் இடத்தில் ஒரு கற்குவியல்.

"இதுதான் தேவாலயம்."

பொய்யில்லை. 1658இல் போர்த்துக்கேயரிடமிருந்து கோட்டையைப் பிடித்த ஒல்லாந்தர், 1706இல் சிலுவை வடிவில் கட்டிய குரொய்ஸ் கேர்க் அது. 1795இல் ஆங்கிலேயன் வந்தான், தேவாலயம் அசையவில்லை. சுதந்திரம் வந்தது; அப்போதும் நின்றது. 1990 கோட்டை முற்றுகையும் அதைத் தொடர்ந்த போரும்தான் அதைப் படுக்கவைத்தன.

அதே 1990இல் இத்தாலியின் பீசா பேராலய வளாகத்திலும் ஒரு நெருக்கடி. மணிக்கோபுரம் அதிகமாகச் சாய்கிறதென்று மூடிவிட்டார்கள். அடிமண்ணைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கிள்ளியெடுத்து, 40 சென்ரிமீற்றருக்குச் சற்றுக் கூடுதலாக நிமிர்த்தி, 2001இல் திறந்தார்கள். முழுக்க நிமிர்த்தவில்லை, பிழைப்பு அந்தச் சாய்வில்தானே! சாய்ந்ததைப் பார்க்கவே உலகம் வரிசையில் நின்று பணம் கட்டுகிறது. முழுதாய் விழுந்ததற்கு இங்கே பத்து நிமிடம், அதிலும் பாதி செல்ஃபிக்கு.

யாராவது, "இதை இடித்தது யார்?" என்று கேட்டுவிட்டால், வழிகாட்டிக்கு உடனே மணிக்கூடு ஞாபகம் வரும்.

"நேரமாகுது, எல்லாரும் பஸ்ஸில ஏறுங்கோ."

அடுத்த தரிப்பு நல்லூர் ஐஸ்கிரீம் கடை. அங்கே தாராளமாக முக்கால் மணித்தியாலம்.