பிரதம விருந்தினர் ஒட்டுசுட்டான் தாண்டிட்டாராம்

தை பிறந்தால் வழி பிறக்கும் என்பார்கள். வன்னியில் தை பிறந்தால் பந்தல்காரருக்கும் ஒலிபெருக்கிக்காரருக்கும் பொன்னாடைக் கடைக்காரருக்கும் வழி பிறக்கிறது. பூநகரியிலிருந்து வவுனியா வரைக்கும், துணுக்காயிலிருந்து முல்லைத்தீவுக் கரை வரைக்கும், பாடசாலைகள் ஒன்றன்பின் ஒன்றாக ‘வருடாந்த இல்ல மெய்வல்லுநர் போட்டி’க்கு அழைப்பிதழ் அடிக்கத் தொடங்கும். பிரித்துப் பாருங்கள். பிரதம விருந்தினர் ஒருவர், சிறப்பு விருந்தினர் சிலர், கௌரவ விருந்தினர் ஒரு கிரிக்கெட் அணிக்குக் காணும். ஓடப்போகிற பிள்ளைகளில் ஒருவருடைய பெயரும் இராது. கலியாண அழைப்பிதழில் பொம்பிளை மாப்பிளையின் பெயரை விட்டுவிட்டுச் சமையற்காரரின் பட்டங்களை மட்டும் அச்சடித்த மாதிரி.

இந்தப் போட்டியின் விசேடம் என்னவென்றால், இதில் பாடசாலை தோற்கவே முடியாது. அது தன்னோடு தானே மோதுகிறது. நாவலர் இல்லம் தோற்றால் விபுலானந்தர் இல்லம் வெல்லும். யார் வென்றாலும் கேடயம் அதிபரின் அலுமாரிக்குத்தான் திரும்பிப் போகும். வலயப் போட்டிக்குப் போனால் தோற்க வேண்டிவரும். மாகாணத்துக்குப் போனால் ஏன் தோற்றோம் என்று யாராவது கேட்பார்கள். வீட்டு முற்றத்தில் அந்த ஆபத்து இல்லை. கேள்வி இல்லாத இடத்தில் மாலை மட்டும் இருக்கும். பெரிய மனிதர்கள் இந்தப் போட்டியை விரும்பி வருவதற்கு இதைவிட வேறு காரணம் தேவையில்லை.

முல்லைத்தீவுப் பக்கத்துப் பாடசாலை ஒன்றின் கயிற்றுக்கு வெளியே நின்று பார்த்ததைச் சொல்கிறேன். பெயர் வேண்டாம், எந்தப் பெயரைப் போட்டாலும் பொருந்தும். தொடக்கம் பிற்பகல் 1.30 என்று அழைப்பிதழ் சொன்னது. அந்த நேரம் பிள்ளைகளுக்கு மட்டும் விதித்த நேரம். அவர்களை மத்தியானமே அணிவகுப்புக்கு நிறுத்திவிட்டார்கள். தரம் ஆறு படிக்கிற பிள்ளையொன்று இல்லக் கொடியைப் பிடித்தபடி நின்றது. அக்காவின் வெள்ளைச் சப்பாத்து, முன்பக்கம் கடதாசி திணித்திருந்தது. கிறவல் மண் கொதித்தது. பிள்ளை காலை மாற்றி மாற்றி வைத்தது. “கொடி ஆடக்கூடாது!” என்று பின்னாலிருந்து ஒரு குரல்.

தாய் ஒருத்தி கயிற்றைக் குனிந்து கடந்து போனாள்.

“ரீச்சர், பிள்ளைக்குத் தலை சுத்துதாம்.”

“கொஞ்சம் பொறுக்கச் சொல்லுங்கோ அம்மா. அவர் ஒட்டுசுட்டான் தாண்டிட்டாராம்.”

அரை மணித்தியாலம் கழிந்தும் அவர் ஒட்டுசுட்டானைத் தாண்டிக்கொண்டேயிருந்தார். ஒட்டுசுட்டான் அவ்வளவு பெரிய ஊர் என்பது அங்கே பிறந்தவர்களுக்கே தெரியாது.

இதற்கிடையில் விருந்தினர் பந்தலில் செற்றிகளுக்கு வெள்ளை விரிப்புப் போட்டார்கள். நிலைவிசிறி இரண்டு வந்தது. தண்ணீர்ப் போத்தல், செவ்விளநீர், மூடிய தட்டில் றோல்ஸ். பிள்ளைகளுக்குக் குளுக்கோசும் தோடம்பழத் துண்டும். மைதானத்தின் இரு பக்கமும் தூக்குப்படுக்கையோடு சாரணர்கள் நின்றார்கள், மயங்கி விழுகிறவர்களைத் தூக்குவதற்கு. அதாவது, பிள்ளைகள் விழுவார்கள் என்று ஏற்பாட்டாளர்களுக்கு முன்கூட்டியே தெரியும். விழாமல் பார்த்துக்கொள்ள ஒரு தறப்பாளும் நான்கு கம்பும் போதும். அது நிகழ்ச்சி நிரலில் இல்லை.

அவர் வந்தார். பாண்ட் வாத்தியம், மாலை, மங்கல விளக்கு, கொடிகள், அணிநடை மரியாதை, சுடர், சத்தியப்பிரமாணம். பிறகு உரை. விளையாட்டில் வெற்றி தோல்வி முக்கியமல்ல, பங்குபற்றுவதே முக்கியம் என்றார். கயிற்றுக்கு வெளியே நின்ற தாய் தகப்பன்மாரைப் பார்த்துச் சொன்னார். 2009 போரில் பங்குபற்ற மாட்டேன் என்று சொல்லவே வழியில்லாமல் மாத்தளனுக்கும் முள்ளிவாய்க்காலுக்கும் நடந்தவர்கள் அவர்கள். அங்கிருந்து செட்டிகுளத்து மெனிக் பாம் முள்வேலிக்குள் போனவர்கள். அந்த முகாமின் கடைசிப் பகுதி மூடப்பட்டதே 2012 செப்டெம்பரில்தான். பங்குபற்றுவதன் பெருமையைப் பற்றி அவர்களுக்கு வகுப்பெடுக்க ஒருவருக்குக் குளிரூட்டிய வாகனத்தில் வருகிற துணிச்சல் வேண்டும். அவருக்கு இருந்தது.

விருந்தினர் செற்றியில் ஒரு மூலை நெடுங்காலமாகச் சீருடைக்கு ஒதுக்கிவைத்தது. போர் முடிந்த பிறகு படையினர் மைதானம் சமப்படுத்திக் கொடுத்தார்கள், பந்தல் கொடுத்தார்கள், பந்து கொடுத்தார்கள், இளைஞர்களோடு ‘சினேகபூர்வ ஆட்டம்’ ஆடினார்கள், நல்லிணக்கம் என்று படம் எடுத்தார்கள். கிளிநொச்சியிலும் முல்லைத்தீவிலும் முன்பள்ளி ஆசிரியைகளைச் சிவில் பாதுகாப்புத் திணைக்களத்தின் சம்பளப் பட்டியலுக்கே கொண்டுபோனார்கள். அரிவரி எழுதுகிற பிள்ளைக்கும் பாதுகாப்பு அமைச்சுக்கும் இடையில் அப்படியொரு உறவு உலகத்தில் வேறெங்கு உண்டோ! அதே காலத்தில் கேப்பாப்புலவுச் சனம் தங்கள் வளவுக்குள் போகக் கேட்டுப் படைமுகாம் வாசலில் குந்தியிருந்தது. அங்குள்ள பிலக்குடியிருப்புக் காணி விடுபட 2017இல் தாய்மார் கைக்குழந்தைகளோடு ஒரு மாதம் இரவு பகலாக றோட்டில் கிடக்க வேண்டியிருந்தது. வளவை வைத்துக்கொண்டு மைதானத்தை மட்டப்படுத்தித் தருகிற கருணைக்கு எந்த நிறத்தில் பொன்னாடை போடுவது?

மைதானம் என்றதும் கிளிநொச்சியின் சர்வதேச விளையாட்டரங்கு ஞாபகம் வராமல் இராது. மகிந்த ராஜபக்சவின் ஆட்சியில் தொடங்கிய வேலை. ஆட்சி மாறியது, அமைச்சர்கள் மாறினார்கள், வேலை மட்டும் இழுபட்டுக்கொண்டே கிடந்தது. அதே கிளிநொச்சியில் சன்னம் துளைத்த சீமெந்துக் கட்டியும் அதில் மலர்கிற தாமரையுமாகப் போர் வெற்றிச் சின்னம் சுணக்கமில்லாமல் எழுந்தது. ஆனையிறவிலும் எழுந்தது, புதுக்குடியிருப்பிலும் எழுந்தது. வெற்றியைக் காட்டுவதற்குச் சீமெந்து எப்போதும் கைவசம் இருக்கிறது. வெல்லப் பழகுகிற பிள்ளைக்கென்றால் கேள்விப்பத்திரம் கோர வேண்டும், நிதி ஒதுக்க வேண்டும், ஒதுக்கிய நிதி திரும்பிப் போகவும் வேண்டும்.

பந்தல் கழற்றிய மறுநாளிலிருந்து அடுத்த தை வரைக்கும் என்ன நடக்கிறது? விளையாட்டுப் பாடவேளை கணித ஆசிரியருக்குப் போகும். உடற்கல்வி ஆசிரியர் இருந்தால் மதிய உணவுக் கணக்குக்குப் போவார். பல இடங்களில் இல்லாதபடியால் அந்தச் சிக்கலும் இல்லை. ஈட்டி களஞ்சிய அறையில் கறையான் பிடிக்கும். இவ்வளவுக்குப் பிறகும் கோட்டம், வலயம், மாகாணம் என்று முட்டி மோதி மேலேறுகிற பிள்ளை, கொழும்பு சுகததாச விளையாட்டரங்கின் செயற்கைத் தடத்தில் காலை வைக்கும்போதுதான் ஸ்பைக்ஸ் சப்பாத்து எதற்கென்று விளங்கிக்கொள்கிறது. பக்கத்து ஓடுபாதையில் நிற்பவன் ஆறு வருடமாக அதைப் போட்டுத்தான் ஓடுகிறான். வெற்றி தோல்வி முக்கியமல்லவாம்!

அமெரிக்காவிலும் இப்படியொன்று உண்டு. அங்கே பல்கலைக்கழகக் கால்பந்து அணிகள், அவர்களுடைய கால்பந்து என்பது கையால் தூக்கிக்கொண்டு ஓடுவது, வசந்தகாலத்தில் தம் அணியையே இரண்டாகப் பிரித்து இரசிகர்களுக்காக ஓர் ஆட்டம் ஆடும். வெற்றி தோல்வி எந்தக் கணக்கிலும் சேராத அந்த ஆட்டத்துக்கு 2016இல் ஒஹாயோ மாநிலப் பல்கலைக்கழக அரங்கில் வந்தவர்கள் 100,189 பேர். பயிற்றுநர்களுக்குச் சம்பளம் மில்லியன் டொலர்களில். ஆடுகிற பிள்ளை தன் சொந்தப் பெயரை வைத்து ஒரு சதம் உழைக்க 2021 வரைக்கும் அனுமதியில்லை. பிள்ளைகளின் வியர்வையில் பெரியவர்கள் பந்தல் போடுவது வன்னிக்கு மட்டும் உரிய வித்தையல்ல. ஆனால் ஒரு வித்தியாசம். நெப்ராஸ்கா பல்கலைக்கழகத்துப் பயிற்றுநர் மற் ரூல், 2025இல் அந்த வழமையான ஆட்டமே வேண்டாமென்று நிறுத்தினார். தொலைக்காட்சியில் திறமையைப் பார்த்து வேறு அணிகள் தன் வீரர்களைக் கொத்திக்கொண்டு போய்விடுமாம். நமது அதிபர்கள் நிம்மதியாக இருக்கலாம். கொத்திக்கொண்டு போவதற்கு முதலில் யாராவது பிள்ளைகள் ஓடுவதைப் பார்க்க வேண்டும். பந்தலில் இருந்த அத்தனை பேரும் கைத்தொலைபேசியில் தங்கள் மாலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

திறமை இல்லாமலா? ஒட்டுசுட்டானுக்கு அப்பால் கரிப்பட்டமுறிப்பிலிருந்து போன கணேஷ் இந்துகாதேவி, 2022 தொடக்கத்தில் பாகிஸ்தானில் நடந்த சவேட் குத்துச்சண்டைப் போட்டியில் தங்கம் எடுத்தாள். முள்ளியவளை அகிலத்திருநாயகி 2023இல் பிலிப்பைன்சில் மூத்தோர் போட்டியில் இரண்டு தங்கத்தோடு திரும்பினார், வயது 72. பதக்கத்தோடு வந்தவர்களுக்கு இங்கே மாலைக்குப் பஞ்சமில்லை. பதக்கத்துக்கு முந்திய நாட்களில் பயிற்சிக்கும் பயணத்துக்கும் காசு தேடும் பிள்ளை கதவு கதவாகத் தட்டும்போதுதான் பிரமுகர்கள் எல்லாரும் கூட்டத்தில் இருப்பார்கள். ஓட்டம் முடியும் கோட்டில் நிற்பதற்கு ஆயிரம் பேர். தொடங்கும் கோட்டில் ஒரு சோடிச் சப்பாத்தோடு நிற்க ஆள் இல்லை.

ஆனால் அரசாங்கம் பாடசாலை விளையாட்டுப் போட்டிகளைக் கவனிப்பதே இல்லை என்று சொன்னால் பாவம் பிடிக்கும். 2024இல் தெல்லிப்பழைப் பக்கத்தில் பிள்ளைகள் இல்ல அலங்காரத்தில், விடுதலைப் புலிகளோடு சேர்த்துப் பார்க்கப்படும் கார்த்திகைப்பூவை வைத்தார்கள் என்றதும் பொலிஸார் எவ்வளவு சுறுசுறுப்பாக விசாரணைக்குப் போனார்கள்! பாக்குநீரிணைக்கு அந்தப் பக்கம் செங்காந்தள் என்ற பெயரில் தமிழ்நாட்டின் மாநில மலராக இருக்கிற அதே பூ, இந்தப் பக்கம் வாக்குமூலம் கொடுக்க வேண்டிய பூ. அதே 2024 மார்ச்சில், அம்பாறை மாவட்டத்துத் திருக்கோவிலில் பாடசாலை மரதன் ஓடிய 16 வயது மாணவன் உயிரிழந்தான். அதற்கு முந்திய மாதம்தான் வெப்பம் பற்றிக் கல்வி அமைச்சு பாடசாலைகளுக்கு அறிவுறுத்தல் விடுத்திருந்தது. ஊரே வைத்தியசாலை வாசலில் திரண்டு கத்தியது. கடதாசிப் பூவுக்குப் பின்னால் ஓடிய கால்கள், எத்தனை பாடசாலை மைதானங்களில் வெயில் ஏறுகிறது என்று பார்க்க ஓடின? அடுத்த வருடமும் அழைப்பிதழில் பிற்பகல் 1.30 என்றுதான் அடித்தார்கள்.

அதிகாரிகளை மட்டும் திட்டிவிட்டுத் தப்ப முடியாது. கனடாவிலும் இலண்டனிலும் இருக்கிற பழைய மாணவர் சங்கம் காசு அனுப்புகிறது. காசோடு தன் பதாகையின் நீள அகலத்தையும் எழுதி அனுப்புகிறது. இல்ல வாயிலைக் கோபுரம் போலக் கட்ட வீட்டுக்கு வீடு காசு தண்டுகிறோம். வாயில் ஒரு நாள் நின்று மறுநாள் அடுப்புக்குப் போகிறது. அந்தக் காசுக்கு எத்தனை சோடிச் சப்பாத்து என்று பெற்றோர் கூட்டத்தில் ஒருவரும் எழும்பிக் கேட்பதில்லை. அதிபர் என்ன நினைப்பாரோ, பிள்ளையின் நற்சான்றிதழ் என்னாகுமோ என்று வாயை மூடிக்கொண்டு இருக்கிறோம். பிறகு கயிற்றுக்கு வெளியே குடையோடு நின்று முணுமுணுக்கிறோம்.

கேட்பதற்குப் பெரிதாக ஒன்றுமில்லை. போட்டியைக் காலை ஏழு மணிக்குத் தொடங்குங்கள். வெயில் ஏறியதும் நிறுத்துங்கள். பந்தலைப் பிள்ளைகளுக்குப் போடுங்கள். விருந்தினருக்குக் கொடியைக் கொடுத்துக் கிறவலில் நிறுத்துங்கள், ஆடாமல் பிடிக்கட்டும். சொன்ன நேரத்துக்கு வராதவரின் மாலையைக் கடைசியாக ஓடிவந்த பிள்ளைக்குப் போடுங்கள். பந்தலுக்கு எவ்வளவு, பொன்னாடைக்கு எவ்வளவு, விளையாட்டு உபகரணத்துக்கு எவ்வளவு என்று நன்றியுரைக்கு முன்னர் ஒலிவாங்கியில் வாசியுங்கள்.

முடியாது, பிரதம விருந்தினர் வராமல் எப்படிப் போட்டி நடத்துவது என்று கேட்பீர்கள். ஒரு வருடம் பிள்ளைகள் வராமல் இருந்து பார்க்கட்டும். பந்தல் இருக்கும், செற்றி இருக்கும், றோல்ஸ் இருக்கும், ஒட்டுசுட்டானைத் தாண்டி வந்த நீங்களும் இருப்பீர்கள். ஆளையாள் மாலை போட்டு, ஆளையாள் அணிநடை பார்த்து, நூறு மீற்றரையும் நீங்களே ஓடுங்கள். வெற்றி தோல்வி முக்கியமல்லத்தானே?