தலைவருக்குக் காவல் வேண்டும்

காவல் தெய்வத்துக்கே காவல் கேட்டு மனு எழுதுவதில் நம்மை மிஞ்ச இந்த நாட்டில் ஆளில்லை. ஆலய ஆண்டுக் கூட்டத்துக்குத் தேதி குறித்தால், பந்தல்காரருக்குச் சொல்லும் முன்பே போலீஸ் நிலையத்துக்குச் சொல்லியாகிறது. பழைய நிர்வாகம் ஒரு ரிப்போர்ட் போடும். புதிய நிர்வாகம் என்று சொல்லிக்கொள்வது இரண்டு போடும். பிரிக்பீல்ட்ஸானாலும் கிள்ளானானாலும் ஒருவர் பூட்டுவார்; இன்னொருவர் அந்தப் பூட்டின் மேல் பூட்டுவார்; குருக்கள் கையில் கற்பூரத் தட்டோடு வாசலில் நிற்பார். உள்ளே போக ஐசி காட்ட வேண்டும், சந்தா ரசீது காட்ட வேண்டும். கணக்கை மட்டும் யாரும் காட்ட வேண்டியதில்லை.

யாருக்குப் பயந்து இந்தப் பாதுகாப்பு? திருடனுக்கு என்றால் கேமரா போதும். "கும்பாபிஷேக வசூல் எங்கே போச்சுய்யா?" என்று கேட்கிற பாட்டிக்குக் கேமரா போதாது. அவளுக்குத்தான் போலீஸ்.

பினாங்கில் வெள்ளைக்காரன் காலத்திலிருந்தே இந்து அறநிலைய வாரியம் உண்டு. கிள்ளான் பள்ளத்தாக்கில் அப்படி எதுவும் இல்லை. இங்கே பல கோயில்கள் 1966-ஆம் ஆண்டுச் சங்கச் சட்டத்தின் கீழ், பூப்பந்துக் கிளப்பைப் போலப் பெயர் பதிந்துகொண்டு நடக்கின்றன. தகராறு வந்தால் சங்கப் பதிவகத்துக்குக் கடிதம், நீதிமன்றத்தில் வழக்கு. வக்கீல் ஃபீஸ்? அர்ச்சனைச் சீட்டு வாங்கியவர் உபயம்.

கோலாலம்பூர் ஸ்ரீ மகா மாரியம்மன் ஆலயத்தை 1873-இல் நிறுவியவர் தம்புசாமிப் பிள்ளை. குடும்பக் கோயிலாக இருந்ததை 1920-களின் கடைசியில் ஊருக்குத் திறந்துவிட்டார்கள். பிறகு நிர்வாகத்தையும் அறங்காவலர்களிடம் கொடுத்தார்கள். சொந்தக்காரனே சாவியைக் கொடுத்த ஊர் இது. இன்று கைதூக்கித் தேர்ந்தெடுக்கப்பட்டவர் சாவியை இடுப்பில் முடிந்துகொண்டு போலீசைக் கூப்பிடுகிறார்.

இந்தச் சண்டை எங்கே கொண்டுபோய் விடும் என்று பார்க்க சுபாங் ஜெயா வரை போனால் போதும். சீபீல்டு மாரியம்மன், தோட்டத்துப் பாட்டாளிகளின் கோயில். நிர்வாகம் தங்களுடையது என்று இரு தரப்புகள் மல்லுக்கு நின்றன. நிலமோ மேம்பாட்டு நிறுவனத்திடம். 2014 மார்ச்சில் ஷா ஆலம் உயர் நீதிமன்றத்தில் இணக்கத் தீர்ப்பு: கோயில் இடம் மாறும், மாற்று நிலமும் 15 லட்சம் ரிங்கிட்டும் கிடைக்கும். அந்தத் தீர்ப்பில் வழக்காடியவர்கள் இருந்தார்கள், கும்பிடுகிறவர்கள் இல்லை. அப்புறம் அதிலும் இழுபறி.

2018 நவம்பர் 26 விடியற்காலையில் ஒரு கும்பல் ஆயுதங்களோடு கோயிலுக்குள் புகுந்தது. கூப்பிட்டும் போலீஸ் உடனே வரவில்லை என்று பக்தர்கள் கொதித்தார்கள். ஆண்டுக் கூட்டத்துக்கு நேரத்தோடு வருகிற சீருடை அன்று எங்கே போனது என்று கேட்டுவிடாதீர்கள். அதற்கும் ஒரு ரிப்போர்ட் போடச் சொல்வார்கள். வாகனங்கள் எரிந்தன. மறுநாள் பின்னிரவில், தீயணைக்கும் பணிக்கு வந்த 24 வயது முகமட் அடிப் படுகாயமடைந்தார். டிசம்பர் 17-இல் இறந்தார். அந்தப் பிள்ளைக்கு எந்த நிர்வாகத்திலும் பதவி இல்லை, எந்த உண்டியலிலும் பங்கு இல்லை.

இதற்குப் பிறகும் நாற்காலிக்குக் காவல் கேட்கக் கூசவில்லையா, டத்தோமார்களே? வரவு செலவை மாதாமாதம் கோயில் வாசலில் ஒட்டுங்கள். ஒரு போலீஸ்காரரும் தேவைப்படமாட்டார். அது முடியாதென்றால், அடுத்த மனுவிலாவது பொய் எழுதாதீர்கள். "ஆலயத்துக்கு ஆபத்து" என்பதை அடித்துவிட்டு, "பக்தர்களிடமிருந்து எங்களைக் காப்பாற்றுங்கள்" என்று எழுதிக் கையெழுத்துப் போடுங்கள்.